மூன்று கிலோமீட்டர் வட்டத்தை நம்பிக் கடை எடுக்கலாமா?

திண்டுக்கல்லில் மளிகைக் கடை நடத்துகிற ஒருவர் கேட்டிருக்கும் கேள்வி இது. ஊருக்கு வெளியே வளர்ந்துவரும் பகுதியில், 1,500 சதுர அடியில் ஒரு டிபார்ட்மென்டல் ஸ்டோர் போட இரண்டு இடம் பார்த்து வைத்திருக்கிறார். ஒன்று மெயின் ரோட்டில், பஸ் ஸ்டாப்பை ஒட்டி. வாடகை மாதம் 75,000 ரூபாய். இன்னொன்று அங்கிருந்து அரை கிலோமீட்டர் உள்ளே, குடியிருப்புத் தெருவில். வாடகை 35,000. இடம் பார்த்துச் சொல்கிற ஆலோசகர் ஒருவர் கூகுள் மேப்பில் மூன்று கிலோமீட்டர் வட்டம் போட்டு, "உள்ளே நாற்பதாயிரம் பேர் இருக்கிறார்கள், மெயின் ரோட்டையே எடுங்கள்" என்றாராம். இதை நம்பலாமா என்பது கேள்வி.

மெயின் ரோடு சரியான இடமாகக்கூட இருக்கலாம். ஆனால் அந்த வட்டத்தை வைத்து அதைச் சொல்ல முடியாது. இரண்டு கடைக்கும் நடுவே அரை கிலோமீட்டர்தான். மூன்று கிலோமீட்டர் வட்டத்தை எந்தக் கடையை மையமாக வைத்துப் போட்டாலும் ஏறக்குறைய அதே நாற்பதாயிரம் பேர்தான் உள்ளே வருவார்கள். இரண்டு இடத்துக்கும் ஒரே விடை தருகிற கணக்கை வைத்துக்கொண்டு, அவற்றில் ஒன்றை எப்படித் தேர்ந்தெடுத்தார் என்று அந்த ஆலோசகரிடமே கேட்டுப் பாருங்கள்.

வட்டத்தில் இன்னொரு மயக்கமும் இருக்கிறது. ஆரம் மூன்று மடங்கானால் பரப்பு ஒன்பது மடங்காகும். ஒரு கிலோமீட்டர் வட்டத்தின் பரப்பு சுமார் 3 சதுர கிலோமீட்டர், மூன்று கிலோமீட்டர் வட்டத்தின் பரப்பு 28. ஆக, அந்த நாற்பதாயிரத்தில் பெரும்பாலோர் வட்டத்தின் விளிம்புப் பக்கம் இருக்கிறவர்கள். மளிகை வாங்க உங்களிடம் வருவதற்கு வாய்ப்பு மிகக் குறைவாக உள்ளவர்களும் அவர்கள்தான்.

அதோடு, காகம் பறக்கிற நேர்கோட்டில் யாரும் கடைக்கு வருவதில்லை. நடுவில் ஒரு ரயில் பாதை இருந்தால் போதும், வட்டம் பாதியாகிவிடும். தாம்பரம் கிழக்கில் இருப்பவர் தண்டவாளத்தைத் தாண்டி மேற்கில் போய்ப் பருப்பு வாங்க மாட்டார், கடை கண்ணெதிரே தெரிந்தாலும் சரி. நான்கு வழிச் சாலையின் நடுவில் தடுப்புச் சுவர் இருந்தால் எதிர்ப்பக்கத்துக்காரர் யு-டர்ன் எடுத்து வர வேண்டும். சோம்பல் என்று சொல்லுங்கள், பெட்ரோல் விலை என்று சொல்லுங்கள், வர மாட்டார். ஓடை, பெரிய கல்லூரி வளாகம், ராத்திரியில் விளக்கில்லாத காலிமனைகள் எல்லாமே இதே வேலையைச் செய்யும். எனவே முதல் வேலை, வட்டத்தை அழித்துவிட்டு உண்மையான எல்லையை வரைவது. டூவீலரில் ஐந்து நிமிடத்தில் கடைக்கு வந்து சேரக்கூடிய தெருக்கள் எவை என்று சாயங்காலம் ஏழு மணிக்கு ஓட்டிப் பார்த்துக் குறியுங்கள். கணினியில் இதற்குக் கருவிகள் இருக்கின்றன. கியூஜிஐஎஸ் என்ற இலவச மென்பொருளில், சாலை வழியாக எத்தனை நிமிடத்தில் எதுவரை போகலாம் என்பதைப் படமாகவே போடலாம். ஆனாலும் ரயில்வே கேட் எவ்வளவு நேரம் மூடிக் கிடக்கும் என்பது அந்தப் படத்துக்குத் தெரியாது.

அடுத்து, என்ன விற்கப்போகிறீர்கள் என்பதைப் பொறுத்து எல்லை மாறும். பால், முட்டை, கொத்தமல்லிக்கு ஜனங்கள் இரண்டு தெரு தாண்ட மாட்டார்கள். மாதச் சாமானுக்கு மூன்று, நான்கு கிலோமீட்டர் போவார்கள். கல்யாணப் பட்டுக்கு மாவட்டம் விட்டு மாவட்டம் போவார்கள். இதைக் கணக்காக்க முயன்றவர்களில் முக்கியமானவர் அமெரிக்காவின் வில்லியம் ரெய்லி. நியூட்டனின் ஈர்ப்பு விதியைப் போலவே வியாபாரத்துக்கும் ஒரு விதி உண்டு என்று 1931இல் எழுதினார். நடுவில் இருக்கிற சிற்றூரின் வியாபாரத்தை இரு பெருநகரங்கள் தங்கள் மக்கள்தொகைக்கு ஏற்ப இழுக்கும், தூரத்தின் வர்க்கத்துக்கு ஏற்ப அந்த இழுப்பு குறையும் என்பது அதன் சாரம். 1949இல் பால் கன்வர்ஸ் என்பவர் அதைத் திருப்பிப் போட்டு, இரண்டு ஊர்களின் இழுப்பும் சமமாகிற புள்ளி எங்கே என்று கண்டுபிடிக்கும் சூத்திரமாக்கினார்.

உங்கள் ஊரிலேயே போட்டுப் பார்ப்போம். 2011 கணக்கெடுப்பில் மதுரை மாநகராட்சியில் சுமார் 10.2 லட்சம் பேர், திண்டுக்கல்லில் 2.07 லட்சம் பேர். இடையில் தூரம் ஏறக்குறைய 65 கிலோமீட்டர். சூத்திரத்தில் போட்டால் சமப்புள்ளி திண்டுக்கல்லிலிருந்து 20 கிலோமீட்டரில் விழுகிறது, அதாவது கொடைரோடு வருவதற்குச் சற்று முன். அதைத் தாண்டியவர்கள் மதுரைக்குப் போவார்கள், இந்தப் பக்கம் இருப்பவர்கள் திண்டுக்கல்லுக்கு வருவார்கள். வாடிப்பட்டிக்காரர்கள் நகை, ஜவுளிக்கு எந்தப் பக்கம் பஸ் ஏறுகிறார்கள் என்று பார்த்தால் விதி அவ்வளவு மோசமில்லை என்று தோன்றும். (சின்னாளபட்டி திண்டுக்கல் பக்கம்தான் விழுகிறது. ஆனால் சுங்குடிச் சேலைக்குப் பேர்போன ஊர் அது, சேலை வாங்க அங்கேதான் மற்றவர்கள் வருவார்கள். சூத்திரத்துக்கு இந்த மாதிரி விஷயம் பிடிபடாது.)

உங்கள் மளிகைக்கு ரெய்லி பயன்பட மாட்டார். அவர் ஊருக்கும் ஊருக்கும் கணக்குப் போட்டவர். கடைக்கும் கடைக்கும் கணக்கு வேண்டுமானால் 1960களில் அமெரிக்கப் பேராசிரியர் டேவிட் ஹஃப் சொன்ன முறைக்கு வர வேண்டும். ஒரு தெருவில் இருப்பவர் ஒரே கடைக்குத்தான் போவார் என்று அவர் கோடு கிழிக்கவில்லை. எல்லாக் கடைக்கும் போவார், எந்தக் கடைக்கு எத்தனை சதவீதம் என்பதே கேள்வி என்றார். எனக்குத் தெரிந்தவரை இந்தத் துறையில் மிகவும் பயனுள்ள யோசனை இதுதான். கணக்கும் எளிது. ஒவ்வொரு கடையின் பரப்பையும், அங்கே போக ஆகிற நேரத்தின் வர்க்கத்தால் வகுக்க வேண்டும். எல்லாவற்றையும் கூட்டி, அதில் உங்கள் பங்கு எவ்வளவு என்று பார்க்க வேண்டும்.

ஒரு உதாரணம். குடியிருப்பின் நடுத்தெருவை எடுத்துக்கொள்வோம். அங்கிருந்து உங்கள் உட்தெருக் கடை 1,500 சதுர அடி, ஐந்து நிமிடம். ஏற்கெனவே இருக்கிற பெரிய கடை 4,000 சதுர அடி, பத்து நிமிடம். பக்கத்து மளிகை 1,000 சதுர அடி, நான்கு நிமிடம். 1,500ஐ 25ஆல் வகுத்தால் 60. 4,000ஐ 100ஆல் வகுத்தால் 40. 1,000ஐ 16ஆல் வகுத்தால் 62.5. மொத்தம் 162.5. உங்கள் பங்கு 37 சதவீதம். பெரிய கடைக்கு 25 சதவீதம்தான், அந்தச் சின்ன மளிகைக்கு 38.

நேரத்தை வர்க்கமாக்காமல் அப்படியே வகுத்துப் பாருங்கள். 300, 400, 250 என்று வரும். இப்போது பெரிய கடையின் பங்கு 42 சதவீதமாகிவிடும். மளிகைக்கும் சோபாவுக்கும் உள்ள வித்தியாசம் இதுதான். தூரம் உறுத்தாத பொருளில் பெரிய கடை ஜெயிக்கும், தூரம் உறுத்துகிற பொருளில் பக்கத்துக் கடை ஜெயிக்கும். எந்த அளவுக்கு உறுத்துகிறது என்பதை ஊகித்துப் போடக் கூடாது, உங்கள் இப்போதைய கடையின் வாடிக்கையாளர்களை வைத்தே கண்டுபிடிக்கலாம். எப்படி என்பதைக் கொஞ்சம் கழித்துச் சொல்கிறேன்.

இப்போது ஜனத்தொகைக்கு வருவோம். 2011 கணக்கெடுப்பு பழசாகிவிட்டது, அடுத்தது 2027இல் என்று அறிவித்திருக்கிறார்கள். புறநகரில் இத்தனை வருட இடைவெளி என்றால் அந்த எண்ணுக்கு மதிப்பே இல்லை, அன்றைக்கு வயலாக இருந்த இடம் இன்றைக்கு மனைப்பிரிவு. அதனால் வேறு வழிகளில் எண்ண வேண்டும். வாக்காளர் பட்டியல் பாகம் பாகமாக, தெருப் பெயர், வீட்டு எண்ணோடு கிடைக்கிறது, வீடுகளை எண்ணிவிடலாம். அந்தப் பகுதி ரேஷன் கடையில் எத்தனை குடும்ப அட்டை என்றும் கேட்டுக்கொள்ளலாம். ஆனால் இரண்டிலும் ஒரே குறை: வாடகைக்கு வந்தவர்கள் வாக்குரிமையையும் ரேஷன் கார்டையும் சொந்த ஊரிலேயே வைத்திருப்பார்கள். ஓசூர், ஸ்ரீபெரும்புதூர் மாதிரி வேலைக்கு வந்து தங்குகிறவர்கள் நிறைந்த இடங்களில் இந்தப் பட்டியல்கள் பாதிக் கதைதான் சொல்லும். எனக்குப் பிடித்த வழி பால் முகவரிடம் பேசுவது. எந்தத் தெருவில் எத்தனை வீடு, எந்த வீட்டில் ஒரு லிட்டர், எந்த வீட்டில் கால் லிட்டர், யார் புதிதாகக் குடிவந்தார்கள் என்று அத்தனையும் அவருக்கு மனப்பாடம். பெரிய நிறுவனங்கள் லட்சக்கணக்கில் கொடுத்து வாங்குகிற தரவில்கூட இந்த நுணுக்கம் இருக்காது.

எண்ணி முடித்து, ஐந்து நிமிட எல்லைக்குள் 2,000 வீடு தேறியது என்று வைப்போம். வீட்டுக்கு மூன்றரைப் பேர் என்றால் 7,000 பேர். மத்திய அரசின் 2022-23 நுகர்வுச் செலவுக் கணக்கெடுப்பின்படி தமிழக நகர்ப்புறத்தில் ஒருவரின் சராசரி மாதச் செலவு 7,630 ரூபாய். இந்திய நகரங்களில் செலவில் 39 சதவீதம் உணவுக்குப் போகிறது. அப்படியானால் ஆளுக்குச் சுமார் 3,000 ரூபாய். இதில் பால், காய்கறி, கறி மீன், ஹோட்டல் சாப்பாடு எல்லாம் அடக்கம். உங்கள் கடையில் விற்காததைக் கழித்து, சோப்பு, ஷாம்பு, பினாயிலைக் கூட்டி, ஆளுக்கு 1,800 என்று வைத்துக்கொள்கிறேன். இது என் மதிப்பீடு, நீங்கள் உங்கள் பில்களைப் பார்த்துத் திருத்திக்கொள்ளலாம். ஆக மொத்தம் மாதம் 1.26 கோடி.

இதில் 37 சதவீதம் என்றால் 46 லட்சம் வருகிறதே என்று சந்தோஷப்பட வேண்டாம். அந்த 37 சதவீதம், மூன்று கடைகளுக்குள் நடக்கிற வியாபாரத்தில் மட்டும். டவுனில் மொத்தக் கடையில் மூட்டையாக வாங்குபவர், ரேஷன் அரிசியே போதும் என்பவர், சொந்தக் கிராமத்திலிருந்து நெல்லும் எண்ணெயும் வருபவர், ஆன்லைனில் வாங்குபவர் என்று பாதி வெளியே போய்விடும் என்று வையுங்கள். மிச்சம் 63 லட்சம். அதில் 37 சதவீதம், 23 லட்சம். அதுவும் கடை நிலைபெற்ற பிறகு. முதல் வருடம் அதில் பாதிதான், 11 முதல் 12 லட்சம்.

இதே கணக்கை மெயின் ரோட்டுக் கடைக்குப் போட்டால் சுவாரஸ்யமாகிறது. குடியிருப்பின் நடுத்தெருவிலிருந்து அது ஐந்து நிமிடமில்லை, ஏழு நிமிடம் என்று வைப்போம். 1,500ஐ 49ஆல் வகுத்தால் 30.6. பங்கு 37இலிருந்து 23 சதவீதத்துக்கு இறங்கிவிடுகிறது. குடியிருப்பிலிருந்து வரக்கூடியது 23 லட்சம் அல்ல, 14.5 லட்சம். இரண்டு நிமிடம் இவ்வளவு தூரம் இழுக்குமா என்றால், மளிகையில் இழுக்கும்.

வாடகைப் பக்கம் பாருங்கள். மளிகையில் மொத்த லாபமே 15 சதவீதத்தைச் சுற்றித்தான் நிற்கும், அதில்தான் சம்பளம், கரண்ட், வீணாகிற சரக்கு எல்லாம். வாடகை விற்பனையில் 3 சதவீதத்தைத் தாண்டினால் மூச்சு வாங்கும் என்பது என் அனுபவம். அந்தக் கணக்கில் 35,000 ரூபாய் வாடகைக்கு 11.7 லட்சம் விற்க வேண்டும். 75,000 வாடகைக்கு 25 லட்சம். உட்தெருக் கடை முதல் வருடமே அந்தக் கோட்டைத் தொட்டுவிடுகிறது. மெயின் ரோட்டுக் கடை நிலைபெற்ற பிறகும், குடியிருப்பிலிருந்து வரும் 14.5 லட்சம் போக இன்னும் 10.5 லட்சத்தை ரோட்டில் போகிறவர்களிடமிருந்து எடுத்தாக வேண்டும். ரோட்டில் போகிறவர் மாதச் சாமான் வாங்க மாட்டார். பிஸ்கட், கூல்டிரிங்ஸ், பிரெட், வீட்டிலிருந்து போனில் சொன்ன ஒரு பாக்கெட் புளி, அவ்வளவுதான். சராசரி பில் 100 ரூபாய் என்று வைத்தால் தினமும் 350 பில் போட வேண்டும்.

ஆக, உங்கள் கேள்வி இப்போது ஒரே கேள்வியாகச் சுருங்கிவிட்டது: அந்த பஸ் ஸ்டாப்பில் தினமும் 350 பேர் உள்ளே வந்து 100 ரூபாய்க்கு வாங்குவார்களா? இதை வீட்டில் உட்கார்ந்து யோசித்துச் சொல்ல முடியாது. போய் நின்று எண்ண வேண்டும்.

எண்ணுவதிலும் ஒரு முறை வேண்டும். ஒவ்வொரு மணி நேரத்திலும் பதினைந்து நிமிடம் எண்ணி நான்கால் பெருக்கினால் போதும். ஆனால் நாட்களைக் கலந்து எடுங்கள். மாதத்தின் முதல் வாரம் ஒரு நாள், கடைசி வாரம் ஒரு நாள், ஒரு சனிக்கிழமை, வாரச் சந்தை கூடுகிற ஊரென்றால் சந்தை நாள் ஒன்று. எத்தனை பேர் போகிறார்கள் என்பதைவிட எந்தப் பக்கம் போகிறார்கள் என்பது முக்கியம். நாம் இடது பக்கம் ஓட்டுகிறவர்கள். சாயங்காலம் வீடு திரும்புகிற திசையில் இடது கைப்பக்கம் இருக்கிற கடைக்கு மளிகையும் பேக்கரியும் ஓடும். காலையில் வேலைக்குப் போகிற திசையில் இருந்தால் டிபன் கடைக்கு நல்லது, மளிகைக்கு இல்லை. காலையில் வெங்காயத்தைத் தூக்கிக்கொண்டு யார் ஆபீஸ் போவார்? உங்கள் மெயின் ரோட்டுக் கடை எந்தப் பக்கம் என்று கேள்வியில் இல்லை. அது தப்பான பக்கமாக இருந்தால் மேலே சொன்ன எதையும் போட்டுப் பார்க்கவே வேண்டாம்.

அப்புறம், கையைப் பாருங்கள். பஸ்ஸிலிருந்து இறங்குகிறவர்கள் கையில் டவுன் கடைப் பை இருந்தால் அவர்கள் ஏற்கெனவே வாங்கிவிட்டார்கள், உங்கள் கடை முன்னால் நடப்பதால் உங்களுக்கு ஒன்றும் இல்லை. கூட்டம் நிற்கிறதா, கடக்கிறதா என்பதும் முக்கியம். வண்டிகள் அறுபதில் போகிற இடத்தில் எத்தனை ஆயிரம் வண்டி போனாலும் கடைக்குப் பயனில்லை. வேகத்தடை, சிக்னல், டீக்கடை எங்கே இருக்கிறதோ அங்கே வண்டி நிதானிக்கும். பத்து டூவீலர் நிறுத்த இடம் இருக்கிறதா என்பதையும் அந்த நேரத்திலேயே பார்த்துவிடுங்கள்.

போட்டிக் கடையின் வியாபாரத்தைத் தெரிந்துகொள்ளப் பழைய வித்தை ஒன்று உண்டு. காலையில் கடை திறந்ததும் ஏதாவது சின்னதாக வாங்கி பில் எடுங்கள், ராத்திரி அடைக்கிற நேரத்தில் இன்னொன்று. இரண்டு பில் எண்ணையும் கழித்தால் அன்றைய பில் எண்ணிக்கை. நான்கு கவுன்டர் இருந்து ஒவ்வொன்றுக்கும் தனி வரிசை எண் ஓடினால் இந்த வித்தை பலிக்காது, அப்போது ஒவ்வொரு கவுன்டரிலும் வாங்க வேண்டும். பில்லின் சராசரி மதிப்பை வரிசையில் நின்று முன்னால் இருப்பவர்களின் கூடைகளைப் பார்த்தே ஊகித்துவிடலாம்.

இப்போது, முன்பு தள்ளிப்போட்ட விஷயம். உங்களிடம் ஏற்கெனவே ஒரு கடை இருக்கிறது. புதிதாகத் தொடங்குகிறவருக்கு இல்லாத சொத்து அது. 1930களில் அமெரிக்காவின் குரோகர் என்ற மளிகைக் கடைச் சங்கிலியில் வேலை பார்த்த வில்லியம் ஆப்பிள்பாம், கடைக்கு வருகிறவர்களின் முகவரியைக் கேட்டு வாங்கி வரைபடத்தில் ஒவ்வொரு புள்ளியாக வைத்தார். வாடிக்கையாளர்களில் பெரும்பங்கு, அறுபது எழுபது சதவீதம், எந்த எல்லைக்குள் அடங்குகிறார்களோ அதுதான் கடையின் முதன்மை எல்லை. புதுக் கடை போடும்போது, அதே மாதிரி இருக்கிற பழைய கடை ஒன்றை எடுத்து, அதன் எல்லையையும் பங்கையும் புது இடத்தில் பொருத்திப் பார்த்தார். சூத்திரங்கள் பெருகிவிட்ட இந்தக் காலத்திலும் சின்னக் கடைக்காரருக்கு இதைவிட நல்ல முறையை நான் பார்க்கவில்லை.

நீங்கள் செய்ய வேண்டியது, இரண்டு வாரத்துக்கு பில் போடும்போது "எந்தத் தெருங்க?" என்று கேட்டுக் குறித்துக்கொள்வது. பின்கோடு கேட்காதீர்கள், ஒரு பின்கோடில் பாதி ஊர் அடங்கிவிடும். தெருவாரியாகக் கூகுள் மை மேப்ஸில் புள்ளி வையுங்கள். எத்தனை நிமிடத் தூரத்தில் புள்ளிகள் அடர்த்தி குறைகின்றன என்பதும், எந்தச் சாலையைத் தாண்டி ஒரு புள்ளிகூட இல்லை என்பதும் படத்தில் பளிச்சென்று தெரியும். ஐந்து நிமிடத்துக்கும் பத்து நிமிடத்துக்கும் இடையில் உங்கள் பங்கு நான்கில் ஒன்றாகக் குறைந்தால் வர்க்கம் சரி. பாதியாக மட்டும் குறைந்தால் உங்கள் பொருளுக்குத் தூரம் அவ்வளவு உறுத்தவில்லை என்று அர்த்தம், மேலே போட்ட கணக்கை மாற்ற வேண்டும். அதே படத்தில் இன்னொன்றையும் பாருங்கள்: புதுக் கடை வரப்போகும் பகுதியிலிருந்து ஏற்கெனவே எத்தனை பேர் பழைய கடைக்கு வருகிறார்கள்? அந்த வியாபாரம் ஒரு கல்லாவிலிருந்து இன்னொரு கல்லாவுக்கு மாறும், அவ்வளவுதான். அதைப் புது விற்பனையாக எண்ணக் கூடாது.

அதற்காக இரண்டாவது கடையை வெகுதூரத்தில் போடுங்கள் என்று சொல்லவில்லை. பக்கத்தில் பக்கத்தில் போடுவதில் வேறு லாபம் இருக்கிறது. ஜப்பானில் செவன்-இலெவன் என்ற கடைச் சங்கிலி 1974இல் டோக்கியோவில் முதல் கடை திறந்ததிலிருந்து ஒரு பகுதியை நிறைத்த பிறகே அடுத்த பகுதிக்குப் போவது என்ற பழக்கத்தை வைத்திருந்தது. நாடெங்கும் ஆயிரக்கணக்கில் கடை வந்த பிறகும், தெற்கே இருக்கிற ஒகினாவா தீவுக்கு 2019இல்தான் போனது. ஒரே லாரி ஒரே சுற்றில் பல கடைகளுக்குச் சரக்கு இறக்கும் என்பதே காரணம். வால்மார்ட் தன் கிடங்கிலிருந்து ஒரு நாள் ஓட்டத்துக்குள் கடைகளைப் பரப்பியது. நம் நாட்டில் டி-மார்ட் 2002இல் மும்பை பவாயில் தொடங்கி, மகாராஷ்டிரம், குஜராத்தில் அடர்த்தியாகப் போட்டுக்கொண்டே வந்ததும் இதே கணக்குத்தான். பெரும்பாலும் இடத்தை வாங்கிவிடுவதால் வாடகைத் தலைவலியும் அவர்களுக்குக் குறைவு. உங்களுக்கும் ஒரே டாடா ஏஸில் இரண்டு கடைக்கும் சரக்கு ஏற்ற முடிகிற தூரம் நல்லது.

போட்டிக் கடை பக்கத்தில் இருந்தால் பயப்பட வேண்டுமா என்றும் பலர் கேட்கிறார்கள். பொருளைப் பொறுத்தது. மதுரை தெற்காவணி மூல வீதியில் நகைக்கடைக்குப் பக்கத்தில் நகைக்கடை, சென்னை ரிச்சி தெருவில் எலெக்ட்ரானிக்ஸ் கடைக்குப் பக்கத்தில் எலெக்ட்ரானிக்ஸ் கடை. நாலு கடை ஏறி இறங்கி ஒப்பிட்டு வாங்குகிற பொருளில் கூட்டமாக இருப்பதே கவர்ச்சி, தனியாகப் போய் உட்கார்ந்தால் யாரும் வர மாட்டார்கள். உப்பை ஒப்பிட்டு யாரும் வாங்குவதில்லை. மளிகையில் பக்கத்துக் கடை வெறும் போட்டிதான். உங்களுக்கு நல்ல அக்கம்பக்கம், நீங்கள் விற்காத பொருளுக்காக அதே வீட்டு ஜனங்களை அடிக்கடி இழுக்கிற இடம்: உழவர் சந்தை, பால் பூத், மருந்துக் கடை, டியூஷன் சென்டர்.

ரிஸ்க்குகளில் நம் ஊரில் முதலிடம் பஸ் ஸ்டாண்டுக்குத்தான். 2023 டிசம்பர் கடைசியில் கிளாம்பாக்கம் பேருந்து நிலையம் திறந்த பிறகு, கோயம்பேட்டில் வெளியூர்ப் பயணிகளை நம்பியிருந்த கடைகளின் கதை மாறிவிட்டது. திருச்சியில் 2025இல் பஞ்சப்பூருக்குப் பேருந்துகள் போனதும் மத்தியப் பேருந்து நிலையத்தைச் சுற்றியிருந்தவர்களுக்கு அதே நிலை. பஸ் ஸ்டாப்பை நம்பி இரண்டு மடங்கு வாடகை கொடுக்கிறவர், அந்த ஸ்டாப் அங்கேயே இருக்குமா, சாலை விரிவாக்கத்தில் எவ்வளவு முகப்பு போகும், மேம்பாலத் திட்டம் ஏதாவது உண்டா என்று நகராட்சியிலும் நெடுஞ்சாலைத் துறையிலும் கேட்டுவிட வேண்டும். சென்னை ஆற்காடு சாலையில் மெட்ரோ வேலைக்குத் தடுப்பு வைத்த பிறகு அந்தக் கடைகளுக்கு எப்படி நடந்து போவது என்பதே பெரிய கேள்வியானது. உட்தெருவுக்கு இந்தத் தொல்லை இல்லை. அதற்குரிய ரிஸ்க் வேறு: மனைகளில் வீடு எழும்பும் வேகம். மூன்றில் ஒரு மனையில்தான் வீடு இருக்கிறது என்றால் 2,000 வீடு என்ற கணக்கு எப்போது உண்மையாகும் என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

பத்து நிமிட டெலிவரிக்காரர்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. அவர்களின் கிடங்குக்கு முகப்பு தேவையில்லை, பஸ் ஸ்டாப் தேவையில்லை, சந்துக்குள் மலிவு வாடகையில் இருந்தாலும் போதும். உங்கள் பகுதிக்கு அவர்கள் வந்தால் முதலில் அடிபடுவது அவசரத்துக்கு வாங்குகிற சின்ன பில்கள், அதாவது மெயின் ரோட்டுக் கடை நம்பியிருக்கிற அதே பில்கள்.

இன்னொரு எச்சரிக்கை. உட்தெரு இடம் ஏற்கெனவே ஒரு கடை நடந்து காலியானதா என்று விசாரியுங்கள். ரேக், ஏசி எல்லாம் இருக்கிறதே என்பதற்காக எடுப்பது பெரிய நிறுவனங்களையே கவிழ்த்திருக்கிறது. அமெரிக்காவின் டார்கெட் என்ற பெரிய கடை நிறுவனம் கனடாவுக்குள் நுழைந்தபோது, ஜெல்லர்ஸ் என்ற கடைச் சங்கிலியின் குத்தகைகளை 2011இல் மொத்தமாக வாங்கியது. 2013இல் கடைகளைத் திறந்து, 2015இல் 133 கடைகளையும் மூடிவிட்டு வெளியேறியது. சரக்கு வராமல் அலமாரிகள் காலியாகக் கிடந்தது பெரிய காரணம். இடங்கள் தானே தேர்ந்தெடுத்தவை அல்ல, இன்னொருவர் தேர்ந்தெடுத்து நொடித்தவை என்பதும் ஒரு காரணம்.

நீங்கள் கொடுத்த எண்களை வைத்துச் சொன்னால், நான் உட்தெருவின் பக்கம். ரோட்டு எண்ணிக்கையில் 350 பில்லுக்கு வழி தெரிந்தால் மட்டும் மனதை மாற்றிக்கொள்வேன். மெயின் ரோட்டு ஓனரிடம் பேசிப் பார்ப்பதில் தப்பில்லை. 55,000க்கு அவர் இறங்கி வந்தால் தேவையான விற்பனை 18.3 லட்சமாகும், ரோட்டிலிருந்து வர வேண்டியது 3.8 லட்சம், தினமும் 130 பில்லுக்குள். அது நடக்கக்கூடிய எண். எந்த இடமானாலும் மூன்று வருடத்துக்குக் காலி செய்ய முடியாது என்கிற ஷரத்து உங்களை மட்டும் கட்டாமல் ஓனரையும் கட்டுவதாக எழுதி வாங்குங்கள். அதையும் மீறி ஆறு மாதம் கழித்து வெளியேறினால் அட்வான்ஸில் எவ்வளவு திரும்பும் என்பதையும் அதே பத்திரத்தில் போட்டுவிடுங்கள்.